ரீச்சரைக் கேளுங்கள்: பகிடி எடுபடாத பாடவேளை

இந்த முறை வந்த கடிதங்களில் நான்கு ஒரே விடயத்தைச் சுற்றியே இருந்தன: வகுப்பில் சொன்ன பகிடி, அதற்கு வந்த சிரிப்பு, வராமல் போன சிரிப்பு. உயர்தரப் பாடத்தெரிவு பற்றிய கேள்விகளை அடுத்த இதழுக்கு வைத்துவிட்டு இவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். முதலாவது கடிதத்துக்கு நீளமாகவே எழுதியிருக்கிறேன். அதை எழுதியவர் புதிதாக வந்த ஆசிரியர், அவருக்கு அது தேவை.

கேள்வி: ரீச்சர், நான் வடமராட்சியில் இருந்து இந்த வருடம் கொழும்புக்கு வந்த கணித ஆசிரியர். கொட்டாஞ்சேனைப் பக்கம் ஒரு பாடசாலையில் தரம் 10 படிப்பிக்கிறேன். போன கிழமை புள்ளிவிபரம் தொடங்கினேன். உற்சாகமாகத் தொடங்கலாம் என்று ஒரு பகிடி சொன்னேன். நீந்தத் தெரியாத ஒருவர் தொண்டைமானாற்றைக் கடக்க வந்தார். ஆழம் எவ்வளவு என்று கேட்டார். "சராசரி மூன்றடி" என்றார்கள். "அப்ப பயமில்லை" என்று இறங்கினார். அதற்குப் பிறகு அவரைக் கண்டவர் இல்லை. சொல்லி முடித்துவிட்டு நின்றேன். ஒரு சத்தம் இல்லை. முன்வரிசையில் ஒரு பிள்ளை, "சேர், அந்த ஆள் செத்துட்டாரா?" என்று கேட்டது. பகிடியை விளங்கப்படுத்தினேன். அப்போதும் ஒன்றும் இல்லை. கடைசியில் "உங்களுக்கெல்லாம் பகிடி விளங்காது, கொப்பியை எடுங்கோ" என்று சொல்லிவிட்டேன். அதற்குத்தான் பின்வாங்கில் யாரோ சிரித்தார்கள். இப்போது தங்களுக்குள் என்னை "மூன்றடி சேர்" என்கிறார்களாம். எனக்குப் படிப்பித்த சேர் இதே பகிடியைச் சொல்லி வகுப்பையே குலுங்க வைத்தவர். எனக்கு அது வரவில்லை. இனிப் பகிடியை விட்டுவிட்டுப் பாடத்தை மட்டும் பார்ப்பதுதான் நல்லதா?
– ஓர் ஆசிரியர், கொழும்பு 13

பதில்: தம்பி, உங்கள் கடிதத்தில் எனக்கு மிகவும் பிடித்தது அந்த முன்வரிசைப் பிள்ளையின் கேள்வி. "அந்த ஆள் செத்துட்டாரா?" நீங்கள் அதைப் பகிடி விளங்காத பிள்ளையின் கேள்வியாக எடுத்திருக்கிறீர்கள். எனக்கு அப்படித் தெரியவில்லை. அந்தப் பிள்ளை கதையைக் கடைசிவரை கேட்டிருக்கிறது. ஒரு மனிதன் தண்ணீரில் இறங்கியதைக் கண்டிருக்கிறது. மூன்றடித் தண்ணீரில் ஒரு வளர்ந்த ஆள் எப்படிச் சாக முடியும் என்று யோசித்திருக்கிறது. புள்ளிவிபரத்தின் முதல் பாடத்தில் ஒரு பிள்ளை கேட்கவேண்டிய கேள்வி இதைவிட வேறு என்ன இருக்கிறது?

அந்த இடத்தில் உங்களுக்கு ஒரு வாசல் திறந்தது. "ஓம், செத்துட்டார். மூன்றடித் தண்ணீரில் எப்படிச் செத்தார்? சொல்லுங்க பார்ப்போம்" என்று கேட்டுவிட்டுப் பலகைக்குத் திரும்பியிருக்கலாம். ஓர் ஆற்றைக் குறுக்காக வெட்டியதுபோல் படம் கீறுங்கள். ஐந்து இடத்தில் ஆழத்தை எழுதுங்கள்: 1, 2, 2, 2, 8 அடி. கூட்டினால் 15, ஐந்தால் பிரித்தால் இடை, அதாவது சராசரி, 3. ஊராரும் பொய் சொல்லவில்லை. வரிசையில் நடுவில் நிற்கும் இடையம் 2, அதிகம் தடவை வரும் ஆகாரமும் 2. அவையும் அவரைக் காப்பாற்றாது. வீச்சைப் பார்த்தால் 8 இல் இருந்து 1 போக, 7. இப்போது ஐந்தரை அடி உயரமான அந்த ஆளை இடப்பக்கத்துக் கரையில் நிறுத்தி ஒவ்வோர் அடியாக நடக்க விடுங்கள். எட்டடிப் பள்ளத்துக்கு வரும்போது பிள்ளைகளே "சேர், நில்லுங்க!" என்பார்கள். அவர் இடையைக் கேட்டார், வீச்சைக் கேட்கவில்லை. இதைப் பலகையில் பார்த்த பிறகு பகிடியை இன்னொரு தரம் சொன்னால் சிலர் சிரிப்பார்கள். சிரிக்காவிட்டாலும் நான்கு அளவைகளும் அந்த ஆற்றோடு சேர்ந்து மனதில் நிற்கும்.

உங்கள் பகிடியில் பிழை இல்லை. அதை வைத்த இடம்தான் பொருந்தவில்லை. சராசரி என்பதை நம்பி ஏமாறுவதில்தான் இந்தப் பகிடியின் உயிர் இருக்கிறது. அதற்கு, சராசரியை நம்பும் பழக்கம் முதலில் பிள்ளைகளுக்கு வந்திருக்க வேண்டும். கூட்டிப் பிரிப்பது அவர்களுக்குத் தெரியும். அந்த விடை எதைக் காட்டுகிறது, எதை மறைக்கிறது என்று யாரும் அதுவரை சொல்லவில்லை. அலகின் முதல் நிமிடத்தில், கவிழ்ப்பதற்கு ஒரு நம்பிக்கையும் அவர்களிடம் இருக்கவில்லை. ஆகவே அந்த மௌனத்தை உங்களைப் பற்றிய தீர்ப்பாக எடுக்காதீர்கள். வகுப்பு எந்தப் படியில் நிற்கிறது என்று அது உங்களுக்குக் காட்டியது. தவணைப் பரீட்சை வைத்துத் திருத்தி அறிய வேண்டியதை ஒரு பகிடி அரை நிமிடத்தில் சொல்லிவிட்டது.

இதை ஆராய்ந்தும் பார்த்திருக்கிறார்கள். இஸ்ரேலைச் சேர்ந்த அவ்னர் ஸிவ் என்ற உளவியலாளர் 1988 இல் வெளியிட்ட ஆய்வு, பொருத்தமாக, புள்ளிவிபரப் பாடத்தில்தான் நடந்தது. பல்கலைக்கழக மாணவர்களில் ஒரு பிரிவுக்குப் பாடத்தோடு ஒட்டிய நகைச்சுவை கலந்தும் இன்னொரு பிரிவுக்கு அது இல்லாமலும் ஓர் அரையாண்டு முழுவதும் கற்பித்தார்கள். கடைசிப் பரீட்சையில் நகைச்சுவை கேட்ட பிரிவு கூடப் புள்ளி எடுத்தது. அதில் பின்பற்றிய ஒழுங்கைக் கவனியுங்கள். முதலில் கருத்தைக் கற்பிப்பது, பிறகு அதை விளக்கும் பகிடி, பிறகு அதே கருத்தை வேறு வார்த்தையில் திரும்பச் சொல்வது. பகிடிக்கு முன்னும் பாடம், பின்னும் பாடம். நீங்கள் முன்னால் வந்திருக்கவேண்டிய பாடத்தை விட்டுவிட்டுத் தொடங்கினீர்கள், அவ்வளவுதான்.

அதற்குப் பதினொரு வருடத்துக்கு முன், 1977 இல், கப்லான், பாஸ்கோ என்ற இருவர் அமெரிக்காவில் செய்த ஆய்வும் இதோடு ஒத்துப்போகிறது. பாடம் முடிந்த உடனே சோதித்தபோது நகைச்சுவையால் பெரிய பயன் தெரியவில்லை. ஆறு வாரம் கழித்துச் சோதித்தபோது, கருத்தோடு ஒட்டிய வேடிக்கை உதாரணத்தில் வந்த விடயங்கள் நன்றாக ஞாபகத்தில் இருந்தன. பாடத்தோடு ஒட்டாத பகிடிக்கு அந்தப் பயன் கிடைக்கவில்லை. ஆகவே அன்றைக்கு எவ்வளவு பேர் சிரித்தார்கள் என்பதை வைத்து ஒரு பகிடியை அளக்காதீர்கள். பரீட்சை மண்டபத்தில் ஒரு பிள்ளை வீச்சு என்ற சொல்லைக் கண்டதும் அந்த ஆற்றை நினைத்தால் போதும்.

அடுத்தது தொண்டைமானாறு. வடமராட்சியில் அந்தப் பெயரைச் சொன்னால் சந்நிதி கோயிலும் பாலமும் தண்ணீரும் ஒன்றாகக் கண்முன் வரும். உங்கள் சேர் அங்கே சொன்னார், வகுப்பு குலுங்கியது. கொழும்பு 13 இல் இருக்கும் பிள்ளைக்கு அது வரைபடத்தில்கூடத் தேடிப் பார்க்காத ஒரு பெயர். அவர்களுக்குத் தெரிந்த தண்ணீர் முகத்துவாரமும் களனி கங்கையும் காலிமுகத்திடலும்தான். சரி, களனி கங்கை என்று மாற்றிவிடலாமா என்றால், அங்கேயும் கொஞ்சம் நிதானம் வேண்டும். 2016 மே மாதம் களனி பெருகிக் கொலன்னாவைப் பக்கம் வீடுகள் கூரை வரை மூழ்கின. இன்றைக்கு தரம் 10 இல் இருப்பவர்கள் அப்போது மிகச் சின்னப் பிள்ளைகள். அப்பாவின் தோளில் இருந்து தண்ணீரைக் கடந்த ஒரு பிள்ளை உங்கள் வகுப்பில் இருக்கலாம். ஆற்றில் இறங்கிய ஆள் திரும்பி வரவில்லை என்றால் அந்தப் பிள்ளைக்கு அது பகிடியாகப் படாது. யார் எங்கிருந்து வருகிறார்கள் என்று இன்னும் உங்களுக்குத் தெரியாது. முதல் தவணை முடிவதற்குள் தெரிந்துகொள்வீர்கள்.

கொழும்பு வகுப்பறையில் இது மற்ற ஊர்களைவிடக் கூடுதலாக முக்கியம். ஒரே வாங்கில் யாழ்ப்பாணத்துப் பிள்ளையும் அட்டனில் இருந்து வந்த பிள்ளையும் காத்தான்குடிப் பிள்ளையும் மூன்று தலைமுறையாகக் கொட்டாஞ்சேனையை விட்டு வெளியே போகாத பிள்ளையும் இருக்கும். எல்லோரும் தமிழ்தான் பேசுகிறார்கள். ஆனால் சிரிக்க வைப்பது ஒவ்வொருவருக்கும் வேறு. எல்லோருக்கும் பொதுவாக என்ன இருக்கிறது என்று தேடினால் நிறையக் கிடைக்கும். காலையில் வரும் பஸ், இடைவேளைக்குக் கன்ரீன் முன்னால் நிற்கும் கூட்டம், கிரிக்கெட், கொத்து ரொட்டி. சராசரிக்கு இப்படிச் சொல்லிப் பாருங்கள்: இரண்டு நண்பர்கள் கடைக்குப் போனார்கள். ஒருவன் இரண்டு கொத்து சாப்பிட்டான். மற்றவன் பார்த்துக்கொண்டு இருந்தான். சராசரிக் கணக்கில் ஆளுக்கு ஒரு கொத்து, இரண்டு பேருக்கும் வயிறு நிறைந்துவிட்டது. வட்டக்காய்க் கறியும் சோறும் சாப்பிட்டு வந்த பிள்ளைக்கும் பாண் சாப்பிட்டு வந்த பிள்ளைக்கும் இது விளங்கும். ஆனால் இதே பகிடியைப் பொருளாதார நெருக்கடி வந்த 2022 இல் நான் சொல்லியிருக்க மாட்டேன். அந்த வருடம் காலைச் சாப்பாடு இல்லாமல் வந்து காலைக்கூட்டத்தில் மயங்கிய பிள்ளைகளை நம் ஆசிரியர்கள் கைத்தாங்கலாகக் கூட்டிப்போனார்கள்.

கிரிக்கெட் இன்னும் நல்லது. அவுஸ்திரேலியத் துடுப்பாட்ட வீரர் டொன் பிராட்மனின் டெஸ்ட் சராசரி 99.94. 1948 இல் இங்கிலாந்துக்குப் போகும் வழியில் அவர் நம் பொரளையிலும் விளையாடினார். அன்று கொழும்பு ஓவல், இன்று பி. சரவணமுத்து மைதானம். பல பிள்ளைகள் அதன் வாசலைத் தாண்டித்தான் பஸ்ஸில் போகிறார்கள். அதே பயணத்தில், தன் கடைசி டெஸ்ட் இன்னிங்ஸில், இன்னும் நான்கு ஓட்டம் எடுத்தால் சராசரி 100 என்ற நிலையில் இறங்கினார். எடுத்தது 0. கிட்டத்தட்ட நூறு சராசரி வைத்திருந்தவர் பூச்சியத்தில் வெளியேறினார் என்று சொல்லி நிறுத்துங்கள். சராசரி என்றால் அடுத்த பந்தில் நடக்கப்போவது இல்லை என்று யாராவது ஒரு பையன் தானாகவே சொல்வான். அது பகிடி இல்லைதான். ஆனால் வகுப்பு உங்களிடம் வந்து சேரும்.

இன்னொன்று உண்டு, இதைப் பலர் நினைத்துப் பார்ப்பதில்லை. சிரிப்பு தனியாக வருவதில்லை. அமெரிக்காவில் ராபர்ட் புரொவைன் என்ற ஆய்வாளர் பல வருடம் மக்கள் சிரிப்பதைப் பின்தொடர்ந்து குறித்துவைத்தார். தனியாக இருக்கும்போது சிரிப்பதைவிட மற்றவர்களோடு இருக்கும்போது ஏறக்குறைய முப்பது மடங்கு அதிகமாகச் சிரிக்கிறோம் என்று கண்டார். பேச்சின் நடுவில் வரும் சிரிப்பில் மிகக் கொஞ்சம்தான் உண்மையில் பகிடிக்கு வருகிறது என்றும் எழுதினார். மிச்சமெல்லாம் பக்கத்தில் இருப்பவரோடு உள்ள உறவுக்கு வருவது. உங்கள் வகுப்பில் பிள்ளைகள் சிரிக்க வேண்டுமானால், முதலில் பக்கத்தில் இருப்பவன் சிரிக்கிறானா என்று பார்ப்பார்கள். அவன் உங்கள் முகத்தைப் பார்ப்பான். புதிய சேர், இவருக்கு முன்னால் சிரிக்கலாமா, சிரித்தால் எழுப்பி விடுவாரா? இது எதுவும் அவர்களுக்குத் தெரியாது. அதோடு நம் பாடசாலைகளில் பல வகுப்பறைகளுக்கு அரைச்சுவர்தான். இங்கே சிரித்தால் அங்கே கேட்கும். பகுதித் தலைவர் எட்டிப் பார்ப்பார். பிள்ளைகள் சிரிப்பை அடக்கப் பழகிய இடம் அது. உங்களோடு அவர்களுக்கு ஓர் உறவு வரும்வரை மிக நல்ல பகிடிகூட மேசையில் விழுந்து கிடக்கும்.

பகிடி எடுபடவில்லை என்றால் அந்த இடத்தில் என்ன செய்வது? ஒன்றும் செய்யாமல் அடுத்த வசனத்துக்குப் போங்கள். குரலும் வேகமும் மாற வேண்டாம். பிள்ளைகளுக்குச் சங்கடம் தருவது எடுபடாத பகிடியைவிட, அதற்காகக் காத்து நிற்கும் ஆசிரியரின் முகம்தான். விளங்கப்படுத்த வேண்டாம். விளங்கப்படுத்த வேண்டியது பாடம் மட்டும். நீங்கள் கடைசியில் சொன்ன அந்த வசனத்தை, "உங்களுக்கெல்லாம் பகிடி விளங்காது" என்பதை, அப்படியே விட்டுவிடவும் வேண்டாம். நாற்பது பிள்ளைகளுக்கு ஒரே மூச்சில் "நீங்கள் எல்லோரும் மக்குகள்" என்று சொன்னதுபோல் அது விழுந்திருக்கும். நாளைக்குப் போனதும், "அண்டைக்கு நான் அப்பிடிச் சொல்லியிருக்கக் கூடாது, பகிடியை நான் பிந்திச் சொல்லியிருக்க வேணும்" என்று ஒரு வரி போதும். நீட்ட வேண்டாம். அப்புறம் ஆற்றைக் கீறத் தொடங்குங்கள்.

"மூன்றடி சேர்" என்ற பெயரைப் பற்றி நீங்கள் இவ்வளவு கவலைப்படத் தேவையில்லை. கொழும்புப் பிள்ளைகள் கவனிக்காத ஆசிரியருக்குப் பெயர் வைப்பதில்லை. அவர்கள் அந்தப் பகிடியில் இருந்து சரியாக எந்த எண்ணை எடுத்து வைத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். இடை அவர்களுக்கு ஞாபகம் இருக்கிறது! முகத்துக்கு நேரே சொல்லாதவரை விட்டுவிடுங்கள்.

பகிடியைக் கைவிட வேண்டாம் தம்பி. தொல்காப்பியம் மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகளைச் சொல்லும்போது நகையைத்தான் முதலில் வைக்கிறது. அது பிறக்கும் இடங்கள் நான்கு என்கிறது: எள்ளல், இளமை, பேதைமை, மடன். இதில் எள்ளலை மட்டும் வகுப்பறை வாசலிலேயே விட்டுவிட்டு வாருங்கள். பிள்ளைத்தனமும் அறியாமையும், சொன்னதை அப்படியே பிடித்துக்கொண்டு நடப்பதும் உங்களுக்குப் போதும். உங்கள் ஆற்றுக்காரர் அந்த நான்காவது வகைதான். நல்ல ஆளைத்தான் தேர்ந்தெடுத்திருக்கிறீர்கள்.

கேள்வி: ரீச்சர், நாங்கள் பொகவந்தலாவையில் இருந்து வந்து மட்டக்குளியில் இருக்கிறோம். கணவருக்குப் புறக்கோட்டையில் வேலை. மகன் சாதாரண தரம் எடுக்க ஒரு ரியூசன் வகுப்புக்குப் போகிறான். அங்கே மாஸ்டர் எல்லோரையும் பகிடி பண்ணிக் கலகலப்பாகப் படிப்பிப்பவராம். மகன் எழும்பிப் பதில் சொன்னால், அவன் "அங்கிட்டு, இங்கிட்டு" என்று பேசுவதை அப்படியே பேசிக் காட்டி, "கொழுந்து பறிக்கிற நேரமாச்சா?" என்று கேட்பாராம். மண்டபம் முழுக்கச் சிரிக்குமாம். மகனும் சிரிப்பானாம். இப்போது வகுப்புக்குப் போக மாட்டேன் என்கிறான். மாஸ்டர் நல்லாப் படிப்பிக்கிறார், பகிடியைப் பெரிதாக எடுக்காதே என்று எல்லோரும் சொல்கிறார்கள். நான் என்ன செய்வது?
– ஒரு தாய், கொழும்பு 15

பதில்: தங்கச்சி, உங்கள் மகன் சரியாகத்தான் உணர்ந்திருக்கிறான். அவனைக் கட்டாயப்படுத்தி அந்த வாங்கில் உட்கார வைக்காதீர்கள்.

மண்டபம் முழுக்கச் சிரித்த பகிடி அது. ஆனால் யாரை வைத்துச் சொன்னாரோ அந்த ஒரு பிள்ளையிடம் அது செத்துப் போனது. அவனும் சிரித்தானே என்று மாஸ்டர் சொல்லக்கூடும். முந்நூறு பேர் திரும்பிப் பார்க்கும்போது பதினைந்து வயதுப் பையன் வேறு என்ன செய்வான்? அழுதால் இன்னும் சிரிப்பார்கள். சிரித்துவிட்டால் அடுத்த ஆளிடம் போவார்கள். அந்தச் சிரிப்பைச் சம்மதமாக எடுப்பது பெரிய கொடுமை. "நகையுள்ளும் இன்னா திகழ்ச்சி" என்கிறது குறள். விளையாட்டாகச் சொன்னாலும் இகழ்ச்சி நோகும். அமெரிக்காவில் மெலிசா வான்சரும் மற்றவர்களும் 2006 இல் மாணவர்களையே கேட்டு, ஆசிரியரின் எந்தப் பகிடி தகும், எது தகாது என்று பிரித்தார்கள். பாடத்தோடு ஒட்டியது தகும் பக்கம் வந்தது. மாணவரை மட்டம் தட்டுவது தகாத பக்கம் போனது. இதற்கு ஆய்வு வேண்டியதில்லை, அந்த மண்டபத்தில் உங்கள் மகனுக்குப் பக்கத்தில் இருந்த பையனைக் கேட்டாலே சொல்வான்.

அந்தப் பேச்சைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். 2023 இல் மலையகம் 200 என்று நினைவுகூர்ந்தோம். தோட்ட வேலைக்காக இந்தியாவில் இருந்து மலையக மக்கள் 1823 இல் வரத் தொடங்கியதை நினைத்துத் தலைமன்னாரில் இருந்து மாத்தளை வரை மக்கள் நடந்தே போனார்கள். அந்த வழியில் காட்டிலும் நோயிலும் விழுந்தவர்கள் போக மிஞ்சியவர்கள் கொண்டுவந்து, லயத்து அறைகளில் காப்பாற்றி வைத்த தமிழ் உங்கள் மகன் பேசுவது. இந்த நாட்டுக்கு வெளிநாட்டுப் பணம் தேடிக் கொடுத்த கைகளின் வேலை கொழுந்து பறிப்பது. அதைச் சொல்லி ஒரு பிள்ளையைக் கூனிக் குறுக வைப்பவருக்கு, அவர் எந்தப் பாடத்தை எவ்வளவு திறமாகப் படிப்பித்தாலும், அந்தப் பாடவேளையில் என் மரியாதை இல்லை.

செய்யக்கூடியது இது. நீங்களோ கணவரோ, வகுப்பு முடிந்து மண்டபம் காலியான பிறகு மாஸ்டரைத் தனியாகச் சந்தியுங்கள். மகன் பக்கத்தில் நிற்க வேண்டாம். "நீங்க படிப்பிக்கிறது அவனுக்கு விளங்குது சேர். அவன் பேசுறதப் பேசிக் காட்டுறது அவனுக்கு நோகுது. அத மட்டும் விட்டுருங்க" என்று சொல்லுங்கள். கோபமும் வேண்டாம், கெஞ்சவும் வேண்டாம். பலர் இதைக் கேட்டதும் நிறுத்திவிடுவார்கள். அது நோகும் என்று யாரும் அவர்களிடம் சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் அடுத்த வகுப்பில் இந்த முறைப்பாட்டையே புதிய பகிடியாக்கினால், பணத்தைக் கட்டியிருந்தாலும் பரவாயில்லை, வேறு வகுப்புப் பாருங்கள். கொட்டாஞ்சேனையிலும் வெள்ளவத்தையிலும் ரியூசன் வகுப்புக்குப் பஞ்சமில்லை. மகனிடம் வீட்டில் உங்கள் பேச்சிலேயே நிறையப் பேசுங்கள். அவன் அதை மாற்றிக்கொள்ளத் தொடங்கியிருக்கிறானா என்று கவனியுங்கள். எனக்கு அதுதான் வகுப்பை விடப் பெரிய கவலை.

கேள்வி: நான் ஒரு பாடசாலையில் பகுதித் தலைவர். ஒரு புதிய ஆசிரியையின் வகுப்பில் எப்போதும் சிரிப்புச் சத்தம். பக்கத்து வகுப்பு ஆசிரியர் இரண்டு தடவை முறையிட்டுவிட்டார். பிள்ளைகளுக்கோ அவரைப் பிடிக்கும். கண்டிக்க மனம் வரவில்லை.
– கொழும்பு 6

பதில்: கண்டிக்க வேண்டாம். நடைபாதையில் நின்று சிரிப்புக்குப் பிறகு என்ன வருகிறது என்று கேளுங்கள். சிரிப்பு அடங்கிப் பேனைகள் ஓடத் தொடங்கினால் அங்கே படிப்பு நடக்கிறது. சிரிப்பு அடங்காமல் ஆசிரியை மேசையில் தட்டவேண்டி வந்தால், அவருக்கு வேண்டியது கொஞ்சம் துணை. ஒரு மூத்த ஆசிரியரோடு சேர்ந்து ஓர் அலகைத் திட்டமிட விடுங்கள். பக்கத்து வகுப்பு ஆசிரியரின் முறைப்பாடும் நியாயமானதுதான், அரைச்சுவருக்கு இந்தப் பக்கம் இருப்பவருக்கு அது பெரிய தொல்லை. நேரசூசியில் அவருடைய எழுத்துப் பயிற்சிப் பாடவேளையும் இவருடைய பாடவேளையும் ஒன்றாக வராமல் மாற்றிப் பாருங்கள். பல பிரச்சினைகள் நேரசூசியிலேயே தீர்ந்துவிடும்.

கேள்வி: ரீச்சர், நான் தரம் 8. எங்கள் வகுப்பு மாணவர் மன்றத்தில் எனக்கு நகைச்சுவை தந்தார்கள். பாடமாக்கித்தான் போனேன். ஆனால் பதற்றத்தில் கடைசியில் வர வேண்டியதை முதலே சொல்லிவிட்டேன். ஒருவரும் சிரிக்கவில்லை. என் கூட்டாளிகள்தான் "ஐயோ, போய் இரு!" என்று சத்தம் போட்டார்கள். அவர்களே அப்படிச் செய்தது எனக்கு அழுகையாக வந்தது. தமிழ்த் தினப் போட்டிக்குப் பெயர் கொடுக்கச் சொல்கிறார் எங்கள் வகுப்பு ரீச்சர். எனக்குப் பயமாக இருக்கிறது.
– ஒரு மாணவி, தெஹிவளை

பதில்: மகள், கூட்டாளிகள் சத்தம் போட்டதைப் பற்றி உனக்கு ஒரு விடயம் சொல்கிறேன். நான்சி பெல் என்ற ஓர் அமெரிக்கப் பேராசிரியர், எடுபடாத பகிடிக்கு மக்கள் என்ன செய்கிறார்கள் என்று ஆராய்ந்தார். வேண்டுமென்றே ஒரு மட்டமான பகிடியைப் பலரிடம் சொல்ல வைத்தார். "பெரிய புகைபோக்கி சின்னப் புகைபோக்கியிடம் என்ன சொன்னது? ஒன்றும் சொல்லவில்லை, புகைபோக்கிக்குப் பேச வராது." இதுதான் அந்தப் பகிடி. முன்பின் தெரியாதவர்கள் மரியாதைக்குச் சிரித்துவைத்தார்கள், அல்லது பேசாமல் இருந்தார்கள். கடுமையாகத் திட்டியது யார் தெரியுமா? நண்பர்களும் வீட்டுக்காரர்களும்தான். நெருங்கியவர்களுக்குத்தான் அந்த உரிமை இருக்கிறது என்று அவர்கள் நினைக்கிறார்கள். உன் கூட்டாளிகள் "போய் இரு" என்றதும் அந்த உரிமையில்தான். ஆனால் உனக்கு நொந்தது என்றால் அதை அவர்களிடம் சொல்லு. சொன்னால் கேட்கிற பிள்ளைகளாகத்தான் இருப்பார்கள்.

இனிப் பகிடியை முழுதாகப் பாடமாக்காதே. கடைசி வரியை மட்டும் சொல்லுக்குச் சொல் பாடமாக்கு. முன்னால் வருவதை உன் சொந்தப் பேச்சில், நேற்று உன் வீட்டில் நடந்ததைச் சொல்வதுபோல் சொல்லு. அப்போது எது முன், எது பின் என்று மாறாது. கடைசி வரிக்கு முன்னால் ஒரு மூச்சு எடு. அந்த இடைவெளியில் நீ சிரிக்காதே. மேடைக்குப் போகும் முன் இடைவேளையில் ஒரே ஒரு கூட்டாளியிடம் சொல்லிப் பார், அவள் எந்த இடத்தில் முகத்தைச் சுருக்குகிறாள் என்று பார். அங்கேதான் கதை விளங்கவில்லை, அதைச் சுருக்கு. வார இதழில் வந்த டொக்டர் பகிடி, வக்கீல் பகிடி வேண்டாம். உன் வகுப்பில், உன் ஒழுங்கையில், உன் பஸ்ஸில் நடந்த ஒன்றை எடு. உன் ரீச்சர் உன்னிடம் பெயர் கேட்கிறார் என்றால், அன்றைக்கு நீ நின்று முடித்துவிட்டுத்தான் இறங்கினாய் என்பதைப் பார்த்திருக்கிறார். பெயரைக் கொடு. போட்டி முடிந்ததும் நீ சொன்ன பகிடியை எனக்கு எழுதி அனுப்பு.